கொட்டாஞ்சேனைப் பைப்படிக்கு மூன்று நாள் சாட்சி

ஒரு நாவலில் தொண்ணூற்றாறு பக்கங்களை வெட்டுவதற்கு எழுதியவரின் கையெழுத்து வேண்டியிருந்தது. அதை வாங்கத்தான் கொழும்புக்குப் போனேன். சென்னையில் ஒரு சிறு பதிப்பகத்தில் முப்பது வருடமாகப் பிரதிகளைச் செம்மைப்படுத்துகிறேன். எங்கள் முதலாளி கறாராகச் சொல்லி அனுப்பியிருந்தார். அந்தப் பக்கங்கள் போனால் புத்தகம் அச்சுக்குப் போகும், இல்லாவிட்டால் கட்டு அப்படியே திரும்பிப் போகும். தொலைபேசியில் கேட்டால் எழுத்தாளர்கள் மறுப்பார்கள், நேரில் போய் ஒரு வேளை சாப்பிட்டுவிட்டுக் கேட்டால் மறுக்க மாட்டார்கள் என்பது என் அனுபவம். சாப்பிடுவதில் எனக்கு எப்போதும் ஆட்சேபணை கிடையாது.

வெள்ளவத்தையில் இறங்கியதும் நம் மாம்பலத்துக்கு வந்துவிட்டது போலத்தான் இருந்தது. அதே புடவைக் கடைகள், அதே நகைக் கடைகள், அதே பூக்காரர்கள். ஒரு பக்கத் தெருவில் திரும்பினால் மட்டும் தண்டவாளம் வருகிறது, தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் கடல் வருகிறது. ரயில் போகும்போது ஜன்னலோரம் இருப்பவர்கள் மேல் அலை தெறிக்கிறது, யாரும் கோபித்துக்கொள்வதில்லை. இதை வைத்துக்கொண்டு இந்த ஊர்க்காரர்கள் எப்படி வேலைக்குப் போகிறார்கள் என்று பொறாமையாக இருந்தது.

நாவலாசிரியர் ரிஸ்வானா காலி வீதியில் ஒரு பாமசியில் (மருந்துக் கடைக்கு அங்கே அதுதான் பெயர்) வேலை பார்க்கிறார். நாற்பது வயதிருக்கும். நான் போனபோது ஒருவரிடம் சிங்களத்திலும் ஒருவரிடம் தமிழிலும் ஒருவரிடம் ஆங்கிலத்திலும் ஒரே மூச்சில், சாப்பாட்டுக்கு முன்னா பின்னா என்று சொல்லிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும், "வாங்க சேர், இரிங்க" என்று கல்லாவுக்குப் பின்னாலிருந்த வாங்குப் பலகையைக் காட்டிவிட்டு அடுத்த சீட்டை வாங்கிக்கொண்டார்.

கூட்டம் குறைந்ததும் வந்த காரியத்தைச் சொன்னேன். வெட்டச் சொல்லி நான் கொடுத்திருந்த அறிக்கையின் நகல் அவருக்கும் போயிருந்தது. அவர் கேட்டது ஒரே ஒரு கேள்வி.

"முழுக்க வாசிச்சீங்களா சேர்?"

"ஓம்" என்றேன். ஆமாம் என்பதை அவர்கள் சொல்லாலேயே சொன்னதில் எனக்கு ஒரு சின்னப் பெருமிதம்கூட இருந்தது.

உண்மை என்னவென்றால், அந்தத் தொண்ணூற்றாறு பக்கங்களை நான் புரட்டியிருந்தேன். அறுநூறு பக்கக் கதையில் மற்ற எல்லாவற்றையும் வரி வரியாகப் படித்தவன், அந்த இடம் வந்ததும் பக்கத்துக்கு நாலு வரி பார்த்துத் தள்ளிவிட்டேன். எங்கள் தொழிலில் அதற்கும் வாசிப்பு என்றுதான் பெயர்.

கதை நடக்கும் நகரம் கடல் மட்டத்துக்குக் கீழே இருக்கிறது. ஏழு மதகுகள் கடலைத் தடுத்து நிறுத்துகின்றன. அங்கே உளதென்போர் என்று ஒரு தத்துவ மரபு. மதகில் பாசி வழித்துக்கொண்டிருந்த ஒரு வேலைக்காரி தொடங்கியது. ஒரு பொருள் இருக்கிறது என்று சொல்ல, அன்றைக்கு அதை நேரில் போய்ப் பார்த்தவருக்கு மட்டுமே உரிமை உண்டு என்பதுதான் அவர்களுடைய மொத்தக் கொள்கையும். அதனால் அந்த மரபில் சேரும் ஒவ்வொருவரும் ஒரு பொருளை எடுத்துக்கொள்கிறார்கள். ஒரு படிக்கட்டு, ஒரு மரம், ஒரு மதகு. தினமும் போய்ப் பார்த்து, பார்த்ததை மட்டும் ஏட்டில் எழுத வேண்டும். போகாத நாளில் போகவில்லை என்று எழுத வேண்டும். அன்றைக்கு அந்தப் பொருள் சந்தேகத்தில் இருப்பதாகக் கணக்கு. படிக்கட்டென்றால் அன்று ஊரில் யாரும் அதில் கால் வைக்க மாட்டார்கள்.

இவர்களுக்கு எதிராக, பார்க்கத் தேவை இலது என்கிற இலதென்போர் ஒரு கூட்டம். நீங்கள் பார்த்தாலும் பார்க்காவிட்டாலும் பொருள் இருக்கும், இதற்கு என்ன இத்தனை ஆர்ப்பாட்டம் என்பது அவர்கள் கட்சி. நீ தூங்கும்போது மதகு எங்கே போகிறது என்று கேட்பார்கள். தெரியாது, அதனால்தான் விடிந்ததும் போகிறேன் என்று இவர்கள் பதில் சொல்வார்கள். யாரும் பார்க்காமலே மதகு நிற்பதை நிரூபிக்க இலதென்போர் ஆளுக்கொரு நாளாகப் போய்ப் பார்த்துவர, உளதென்போர் அவர்கள் பெயரையும் ஏட்டில் சாட்சியாக எழுதிக்கொள்கிறார்கள். முந்நூறு வருடம் இப்படியே போகிறது. மாத்திரை எண்ணிக் கொடுத்துக்கொண்டே ஒரு பெண் இத்தனையையும் யோசித்திருக்கிறார் என்பதில் எனக்கு அப்போதே ஒரு மலைப்பு இருந்தது. ஆனால் வெட்டச் சொன்ன பக்கங்கள் அந்த ஏடுகள்தான். இருக்கிறது, இருக்கிறது, போகவில்லை, இருக்கிறது என்று தொண்ணூற்றாறு பக்கம் போனால் யார் வாங்குவார்கள்?

ரிஸ்வானா மறுக்கவில்லை. ஒரு நிபந்தனை மட்டும் வைத்தார். நாவலின் முதல் பாகம் கொழும்பில் ஏற்கெனவே வந்திருந்தது. அதைப் படித்தவர்களில் சிலர் தாங்களாகவே ஆளுக்கொரு பொருளை எடுத்துக்கொண்டு கொப்பி, நம் பேச்சில் நோட்டு, எழுதத் தொடங்கியிருக்கிறார்கள். ஹெவ்லொக் டவுனில் ஒருவர் ஒரு மதிலில் விழுந்த வெடிப்பை வைத்திருக்கிறார். களனியில் ஒரு சிங்கள ஆசிரியை, தமிழ் நண்பர் கதை சொல்லக் கேட்டு, ஆற்றங்கரையில் ஒரு கல்லை வைத்திருக்கிறார். கொட்டாஞ்சேனையில் செல்வராணி என்கிற தையல்காரர் ஒரு பைப்படியை, அதாவது ஒழுங்கை என்கிற சந்தின் முனையிலுள்ள தெருக்குழாயை, மூன்று வருடமாக வைத்திருக்கிறார். அவர் மகளுக்கு ஹட்டனில் பிள்ளைப்பேறு. மூன்று நாள் ஊரில் இருக்க மாட்டார்.

"நான் கதைதான் சேர் எழுதின. இவங்க செய்றதப் பாத்து எனக்கே முதல்ல பயமாப் போச்சி" என்றார் ரிஸ்வானா. "நீங்க அந்த மூணு நாளும் பைப்படியப் பாருங்க. பாத்துட்டும் வெட்டணும் எண்டு செல்லுங்க, நான் சைன் பண்ணித் தாறேன்."

மூன்று நாள் குழாயைப் பார்த்தால் கையெழுத்து. இவ்வளவு மலிவாக ஒரு எழுத்தாளர் இதுவரை எனக்குக் கிடைத்ததில்லை. அந்த சந்தோஷத்தில் அன்று இரவுச் சாப்பாட்டுக்கு இடியப்பமும் சொதியும் கட்டச் சம்பலும் வரவழைத்தேன். பரிமாறியவர் இன்னும் வைக்கட்டோ என்று கேட்டுக்கொண்டே இருந்தார். பதினாலாவது இடியப்பத்தில் கணக்கை விட்டேன்.

மறுநாள் கொட்டாஞ்சேனை. வெள்ளவத்தை மாம்பலம் என்றால் இது நம் மண்ணடி. கோயில் மணியும் தேவாலய மணியும் அடுத்தடுத்துக் கேட்கின்றன. ஒரு கடையில் மாலை கட்டுகிறார்கள், அடுத்த கடையில் மெழுகுவர்த்தி விற்கிறார்கள். செல்வராணி பயணப் பையைக் கட்டி வாசலில் வைத்துவிட்டுக் காத்திருந்தார். ஐம்பது வயது, கழுத்தில் அளவு நாடா. பேச்சு நம்மூர்ப் பேச்சு மாதிரியே இருந்தது. தேயிலைத் தோட்டங்களுள்ள மலைநாட்டுக்காரர்.

பைப்படியைக் காட்டினார். இடுப்புயரத்துக்கு ஒரு சிமெந்துத் தூண், அதில் ஒரு பித்தளைக் குழாய், கீழே தேய்ந்த ஒரு கருங்கல். இதைப் பார்க்கவா கடல் தாண்டி வந்தோம் என்று எனக்குச் சிரிப்பு வந்தது. அவர் சிரிக்கவில்லை. கல்லுக்குப் பக்கத்தில் நின்று பார்த்தார், கொப்பியில் ஒரு வரி எழுதினார், என்னிடம் கொடுத்தார். இங்கே நின்றுதான் எழுத வேண்டும் என்றார். ஹட்டன் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது.

அன்று மாலை அறையில் அந்தக் கொப்பியைச் சும்மா திறந்தேன், ஒன்பதரை வரை வைக்க முடியவில்லை. "பைப் இருக்கு. காக்கா தண்ணி குடிச்சிச்சு." "பைப் இருக்கு. தண்ணி இல்ல." "பைப் இருக்கு. யாரோ கல்லுல சவுக்காரத்த வச்சிட்டுப் போயிட்டாங்க." "போகல. காய்ச்சல்." "பைப் இருக்கு. சவுக்காரம் கரைஞ்சிருக்கு." ஆயிரத்துச் சொச்சம் வரிகள். ஒன்றிலும் ஓர் ஆச்சரியக்குறி இல்லை, தத்துவம் இல்லை. ஒரு பக்கத்தில், "போகல. மனசு இல்ல" என்று இருந்தது. மறுநாளும் அதுவே. அப்படியே ஒன்பது நாள். பத்தாம் நாள், "பைப் இருக்கு." அந்த ஒன்பது நாளில் அவருக்கு என்ன நடந்தது என்று எழுதவில்லை. அதை எழுதும் இடம் அதுவல்ல என்பது அவருக்குத் தெரிந்திருக்கிறது. மனம் இல்லாத நாளில் மனம் இல்லை என்று எழுதிய ஒரே ஒரு வரி என் முப்பது வருடத்தில் எங்கும் இல்லை. காய்ச்சல் என்றுதான் எழுதியிருப்பேன்.

கொழும்புக்கு வந்த மூன்றாம் நாள் என் முறை தொடங்கியது. புறக்கோட்டையில் பஸ் மாறும்போது கொண்டக்டர் சிங்களத்தில் கூவியதெல்லாம், உள்ளே போ, இன்னும் உள்ளே போ, வீடு கட்டவா நிற்கிறாய் என்பதாம். பக்கத்தில் நின்றவர் சிரித்துக்கொண்டே மொழிபெயர்த்தார். நான் சொன்னபடி உள்ளே போனேன், வெளியே வர முடியவில்லை. இறங்கியபோது கொட்டாஞ்சேனை தாண்டி மட்டக்குளி. மீன் பெட்டிகளுக்கு நடுவே நின்று வழி கேட்டால், ஒரு அம்மா, நேரே போங்க மல்லி என்றார். தம்பி என்று அர்த்தமாம். ஐம்பத்தாறு வயதில் மல்லி ஆனதில் அலுப்பெல்லாம் பறந்துவிட்டது. பைப்படிக்கு வந்து நின்றேன். பைப் இருக்கிறது, இரண்டு வாளிகள் இருக்கின்றன, ஒன்று சிவப்பு என்று எழுதினேன். எழுதிவிட்டு இன்னும் கொஞ்ச நேரம் நின்றேன். குழாய் முனையில் ஒரு சொட்டு திரண்டு, விழலாமா வேண்டாமா என்று யோசித்து, விழுந்தது. நான் அங்கே இல்லாவிட்டாலும் விழுந்திருக்கும்தான். ஆனாலும் அதை விட்டு வர மனம் வரவில்லை.

நாலாம் நாள் மழை. சாதாரண மழை இல்லை. காலி வீதியில் பஸ்கள் படகுபோல வந்தன. பதினொரு மணி வரை பார்த்தேன், பன்னிரண்டு வரை பார்த்தேன். எதிர்க் கடையில் தகட்டில் கொத்து ரொட்டி போடும் சத்தம் மழைக்கு மேலே கேட்டது. ஆட்டிறைச்சிக் கொத்து ஒன்று, அதற்குப் பிறகு ஒரு பிளேன்டீ. வயிறு நிறைந்ததும் கொப்பியை எடுத்தேன். மூன்று வருடத்து வரிகளுக்குக் கீழே, "பைப் இருக்கிறது. மழை. வாளி எதுவும் இல்லை" என்று எழுதினேன். இந்த மழையில் எந்தப் பைத்தியம் வாளி கொண்டு வரும் என்ற நியாயம் எனக்குப் போதுமாக இருந்தது. வாளி எதுவும் இல்லை என்ற வரி அழகாக அமைந்திருப்பதாகவும் நினைத்துக்கொண்டேன்.

ஐந்தாம் நாள் போனால் பித்தளைக் குழாயைக் காணோம். அந்த இடத்தில் நீல நிற பிளாஸ்டிக் குழாய். தூணில் பாதி பெயர்ந்து புதுச் சிமெந்து பூசியிருந்தது. எதிர் வீட்டு வாசலில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தவரிடம் கேட்டேன். முந்தின நாள் காலை பின்னால் எடுத்த ஒரு லொறி தூணில் இடித்ததாம், குழாய் பிய்ந்து தண்ணீர் ஆள் உயரத்துக்கு அடித்ததாம். அரைநாள் அப்படி.

"ஒழுங்கையில ஒரு வாளி மிச்சம் இல்ல ஐயா. மழையிலயும் எல்லாரும் வந்து பிடிச்சம்" என்றார்.

கல்லுக்குப் பக்கத்தில் நின்றேன். எனக்கு வெட்கம் என்றால் அப்படி ஒரு வெட்கம். பள்ளிக்கூடத்தில் பிடிபட்டபோதுகூட அப்படி இருந்ததில்லை. கடைசியாக, "நீலக் குழாய் இருக்கிறது" என்று மட்டும் எழுதினேன். மேலே இருந்த வரியைப் பார்க்காமல் எழுதக் கொப்பியைச் சரித்துப் பிடிக்க வேண்டியிருந்தது.

ஆறாம் நாள் காலை செல்வராணி வந்துவிட்டார். பேத்தி பிறந்திருக்கிறாள் என்று தொதல் என்ற இனிப்பு ஒரு துண்டு கொடுத்தார். அதை வாயில் போட்டுக்கொண்டு பொய் சொல்ல முடியாது. நடந்ததைச் சொன்னேன். சொல்லிவிட்டு, அந்த ஒரு தாளைக் கிழித்துவிடலாம், அதிலுள்ள மற்ற வரிகளை வேறு தாளில் எழுதித் தருகிறேன் என்றேன். அவர் சட்டென்று கொப்பியை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டார்.

"கிழிக்காதீங்கண்ணே. ஒரு தாளக் கிழிச்சிட்டா, மத்த தாளெல்லாம் கிழிக்காததுன்னு யாரு சொல்றது?" என்றார். பிறகு பேனாவைக் கொடுத்தார். "கீழ எழுதிருங்க, போதும்."

நீலக் குழாயின் பக்கத்தில் நின்று எழுதினேன். "நேற்று முன்தினம் போகவில்லை. போனதாக எழுதினேன்." அவர் வாங்கி வாசித்து, தலையை அசைத்துவிட்டு, அதற்குக் கீழே தன் வரியை எழுதினார். "புது பைப் இருக்கு. அண்ணன் வந்திருந்தாரு."

வெள்ளவத்தைக்குத் திரும்பும் பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்தும் உட்காரத் தோன்றவில்லை. ஒரு தெருக்குழாய்க்குச் சொன்ன பொய்க்கே இப்படியென்றால், மற்றது என்ன ஆவது?

பாமசியில் ரிஸ்வானா எழுந்து வந்து, பைப்படியில் நடந்ததையெல்லாம் நான் சொல்லக் கேட்டார். கையெழுத்துப் போட வேண்டிய கடிதத்தை எடுத்து வைத்துவிட்டு, இப்போதும் வெட்டத்தான் வேண்டுமா என்று கேட்டார்.

"அந்தப் பக்கங்களை நான் படிக்கவில்லையம்மா" என்றேன். "புரட்டினேன். படித்ததாக எழுதினேன்."

அவர் கல்லாவின் கீழ் இழுப்பறையைத் திறந்தார். ஒரு கிளிப்பில் கோத்த எட்டுத் தாள்களை எடுத்தார், ஒரு மெல்லிய கொப்பியையும் எடுத்தார். எங்கள் முதலாளிக்குத் திரையில் படித்தால் தலை வலிக்கும் என்பதால் ரிஸ்வானா நாவலை அச்செடுத்துத் தபாலில்தான் அனுப்பியிருந்தார். அனுப்பிய மறுநாள் பார்த்தால் எட்டுப் பக்கம் இங்கேயே கிடக்கிறது. நான் வெட்டச் சொன்ன பக்கங்களின் நடுவில், முந்நூற்று நாற்பதிலிருந்து நாற்பத்தேழு வரை.

"கோல் எடுக்கத்தான் போன சேர். பொறகு, அந்த இடத்தில வசனம் பாதியில நிக்கி, வாசிச்சா நீங்களே கேப்பீங்க எண்டு இரிந்துட்டேன்."

கொப்பியைத் திறந்து காட்டினார். அவர் எடுத்துக்கொண்ட பொருள் அந்த எட்டுத் தாள்கள். "எட்டுப் பக்கம் இருக்கிறது. சென்னையிலிருந்து கேட்கவில்லை." தேதிவாரியாக, ஒரு நாள் விடாமல், அதே வரி. நடுவில் ஒரு நாள், "முழுவதும் வாசித்ததாக அறிக்கை வந்தது. எட்டுப் பக்கம் இருக்கிறது." அதற்குப் பிறகும் நாற்பதுக்கு மேல் வரிகள். நான் வந்திறங்கிய நாளுக்கு, "சேர் வந்தார். ஓம் என்றார். எட்டுப் பக்கம் இருக்கிறது."

ஒரு பெண்மணி மருந்துச் சீட்டு நீட்டினார், ரிஸ்வானா அதைக் கவனிக்கப் போனார். நான் அந்த வாங்கில் உட்கார்ந்து எட்டுப் பக்கத்தையும் படித்தேன்.

நான்காம் மதகின் சாட்சி ஒரு பெண். ஒரு மழை நாளில் போகாமலே இருக்கிறது என்று எழுதிவிடுகிறாள். இருக்கிறது என்பதை நம்பி அன்று யாரும் மேட்டுக்குப் போகவில்லை. கடல் வந்துவிடுகிறது. பிழைத்தவர்கள் கூடி அவளை என்ன செய்வதென்று ஏழு நாள் வாதாடுகிறார்கள். கொல்லச் சொன்னவர்கள் உளதென்போர். அவளுக்காகப் பேசியவர்கள் இலதென்போர். மதகு உடைந்தது உடைந்ததுதான், அவள் பார்த்திருந்தாலும் உடைந்திருக்கும் என்கிறார்கள். கடைசியில் அவளிடமே கேட்கிறார்கள். என் பொருளை என்னிடமே விடுங்கள் என்கிறாள். அன்றிலிருந்து முப்பது வருடம் அவள் தினமும் படகில் போய், மதகு இருந்த இடத்தில் நின்று, ஏட்டில் எழுதுகிறாள். மதகு இல்லை. மதகு இல்லை. போகவில்லை, புயல். மதகு இல்லை. அவள் இல்லை என்று எழுதிய அந்த ஏட்டைத்தான் அந்த மரபில் பிறகு எல்லோரும் முதலில் படிக்கிறார்கள்.

தலை நிமிர்ந்தபோது கண் கலங்கியிருந்தது. மறைக்கவில்லை. மருந்துக் கடையில் அழுதால் யாரும் ஏனென்று கேட்பதில்லை, அது ஒரு வசதி. இத்தனை பெரிய ஒன்றை முதல் நாளே கல்லாவுக்கு அடியில் வைத்துக்கொண்டு இவர் எனக்கு உட்கார இடம் கொடுத்திருக்கிறார். அந்த மதகுச் சாட்சியின் முப்பது வருடத்தின் முன்னால் என் முப்பது வருடம் மிகச் சின்னதாகத் தெரிந்தது.

ரிஸ்வானா திரும்பி வந்து, நான் தடுக்கத் தடுக்கக் கடிதத்தில் கையெழுத்துப் போட்டார். மூன்று நாள் பார்த்தால் தருவதாகச் சொன்னது, பார்த்தது இரண்டு நாள், ஆனால் பார்க்காத நாளையும் சரியாக எழுதிவிட்டீர்கள் என்றார். வாசித்துவிட்டு வெட்டுங்கள், வெட்டினால் வருத்தமில்லை என்றார். பிறகு கொப்பியை எடுத்து, என் கண் முன்னாலேயே அன்றைய வரியை எழுதினார். "எட்டுப் பக்கமும் கொடுத்தேன். வாசித்தார்."

மீதி எண்பத்தெட்டையும் மறுநாள் விமான நிலையத்திலும் வீட்டிலுமாகப் படித்தேன். இம்முறை ஒரு வரி விடவில்லை. அலுப்பான பக்கங்களும் இருக்கின்றன, சும்மா சொல்லக் கூடாது. முதலாளியிடம் போய் என் பழைய அறிக்கை பொய் என்றேன். அவர், நானும் அந்த இடத்தைப் படிக்கவில்லை, உங்களை நம்பித்தான் சொன்னேன் என்றார். பிரதிக் கட்டை வீட்டுக்கு எடுத்துப் போய், பதினோரு நாள் கழித்துத் திருப்பித் தந்தார். புத்தகம் இப்போது அச்சில் இருக்கிறது, தொண்ணூற்றாறு பக்கங்களோடு.

வெட்டுவதற்கு ரிஸ்வானா தந்த சம்மதக் கடிதம் என் மேசையில் இருக்கிறது. இனி அது எதற்கும் பயன்படாது, கிழித்துவிடலாமே என்றார் முதலாளி. கிழிக்கவில்லை. அவருடைய கையெழுத்துக்குக் கீழே கொஞ்சம் இடம் இருந்தது. அதில் எழுதி வைத்திருக்கிறேன்: "இதைக் கேட்டபோது நான் படித்திருக்கவில்லை."